உலகக் கோப்பை முகாமுக்கு மகளை அனுப்பலாமா?

மதிப்பிற்குரிய அம்மா,

17 வயதுக்குட்பட்ட மகளிர் உலகக் கோப்பைக் கூடைப்பந்துக்கான தேசிய முகாமுக்கு உங்கள் மகள் அழைக்கப்பட்டிருப்பதையும், பள்ளி இறுதித் தேர்வு நெருங்கும் நேரத்தில் அவளை அனுப்ப நீங்களும் உங்கள் கணவரும் தயங்குவதையும் விரிவாக எழுதியிருந்தீர்கள். அனுப்புங்கள் என்பதே என் கருத்து. ஆனால், பள்ளியைப் பாதியில் நிறுத்திவிட்டு முழுநேரமும் விளையாட்டில் இறங்கலாம் என்று அவள் கேட்பதற்கு மட்டும் இப்போது இசைய வேண்டாம்.

பன்னாட்டுக் கூடைப்பந்துக் கூட்டமைப்பான ஃபிபா நடத்தும் இந்தப் போட்டி 2010-இல் பிரான்ஸில் தொடங்கியது. இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை நடைபெறுகிறது. 16 அணிகள் பங்கேற்கின்றன. தோற்ற அணிகளும் தரவரிசைக்காகத் தொடர்ந்து ஆடுவதால் ஒவ்வோர் அணிக்கும் ஏழு ஆட்டங்கள் கிடைக்கின்றன. 2024-இல் மெக்சிகோவில் ஜூலை 13 முதல் 21 வரை, ஒன்பதே நாள்களில் எல்லாம் முடிந்தன. ஆகவே அவளது படிப்பு நாள்களை எடுத்துக்கொள்வது போட்டி அல்ல, அதற்கு முந்தைய முகாம்களும் பயிற்சி ஆட்டங்களுமே. முகாம் அட்டவணையைத் தேசியக் கூடைப்பந்துக் கூட்டமைப்பிடமிருந்து எழுத்து வடிவில் பெற்று, விடுபடும் தேர்வுகளை எப்போது எழுதலாம் என்பதைப் பள்ளியிடம் முன்கூட்டியே எழுதி வாங்கிவிடுங்கள். வாய்மொழி உறுதியை மட்டும் நம்பிப் போனால், திரும்பி வரும்போது அதைச் சொன்ன ஆசிரியர் மாறியிருக்கக்கூடும்.

முகாமுக்கு அழைப்பு வந்துவிட்டதாலேயே அணியில் இடம் உறுதி என்று பொருளில்லை. இறுதிப் பட்டியலில் 12 பேர் மட்டுமே இருப்பார்கள். 40 நிமிட ஆட்டத்தில் களத்தில் ஐவர் என்றால் பயிற்றுநர் பங்கிடக்கூடிய நேரம் மொத்தம் 200 நிமிடங்கள். அதில் பெரும்பகுதி ஏழெட்டுப் பேருக்கே போய்விடும். எஞ்சியவர்கள் உட்கார்ந்திருக்க நேர்வதைக் குடும்பங்கள் தோல்வியாக எடுத்துக்கொள்வதுதான் எனக்குக் கவலையளிக்கிறது. இன்று புகழ்பெற்ற அமெரிக்கக் கூடைப்பந்து வீராங்கனையான கெய்ட்லின் கிளார்க் 2019-இல் பாங்காக்கில் நடந்த 19 வயதுக்குட்பட்டோர் உலகக் கோப்பையில் அமெரிக்க அணியில் இருந்தார். மிகச் சிறந்த வீராங்கனை விருது அவருக்குக் கிடைத்தது 2021-இல், ஹங்கேரியின் டெப்ரெசெனில் நடந்த அடுத்த போட்டியில்தான். அவருக்கும் முதல் வாய்ப்பிலேயே எல்லாம் கைகூடிவிடவில்லை.

அமெரிக்கக் கல்லூரிப் பயிற்றுநர்கள் இத்தகைய போட்டிகளைக் கூர்ந்து பார்க்கிறார்கள் என்பது உண்மையே. ஆனால் அவர்கள் பார்ப்பது புள்ளிக் கணக்கை மட்டுமன்று. பந்தைப் பறிகொடுத்த அடுத்த நொடியில் அந்தப் பெண் தலையில் கைவைத்து நிற்கிறாளா, தடுப்பாட்டத்துக்குத் திரும்பி ஓடுகிறாளா, மாற்றப்பட்டு வெளியே வந்தபின் ஆட்டத்தைக் கவனிக்கிறாளா என்பதையும் குறித்துக்கொள்கிறார்கள். எனவே நல்ல கூடைகளை மட்டும் வெட்டி ஒட்டிய காணொலியுடன் நின்றுவிடாமல், இரண்டு மூன்று முழு ஆட்டங்களின் பதிவையும் சேர்த்து வைத்திருங்கள்.

அமெரிக்கக் கல்லூரி உதவித்தொகையைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். அங்கே கல்லூரி விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் முதல் பிரிவில் ஆட, பள்ளியில் 16 அடிப்படைப் பாடங்களை முடித்து, அவற்றில் 4 புள்ளிகளுக்குக் குறைந்தபட்சம் 2.3 சராசரி பெற்றிருக்க வேண்டும்; வெளிநாட்டு மாணவியரிடம் ஒன்பதாம் வகுப்பு முதலான மதிப்பெண் ஆவணங்களைக் கேட்கிறார்கள். கடைசி ஓராண்டில் விழுந்து விழுந்து படித்தாலும், அதற்கு முந்தைய ஆண்டுகளின் மதிப்பெண்கள் மாறப்போவதில்லை. பள்ளியை நிறுத்தினால் விளையாட்டுக்காகவே திறக்கும் இந்தக் கதவும் சேர்ந்தே மூடிக்கொள்ளும் என்பதை அவளிடம் பொறுமையாக எடுத்துச் சொல்லுங்கள்.

காயத்தைப் பற்றி நீங்கள் எதுவும் எழுதவில்லை. நான் சொல்லியாக வேண்டும். ஏ.சி.எல். எனப்படும் முழங்கால் ஜவ்வு கிழியும் வாய்ப்பு, இதே ஆட்டத்தில் ஆண்களைவிடப் பெண்களுக்கு இரு மடங்குக்கும் மேல். கிழிந்து அறுவைச் சிகிச்சை நடந்தால் களத்துக்குத் திரும்பப் பெரும்பாலும் ஒன்பது மாதங்களோ அதற்கும் மேலோ ஆகும். குதித்து இறங்கும்போது முழங்கால்கள் உட்பக்கம் மடங்காமல் இறங்கப் பழக்கும் பயிற்சிகள் இந்த ஆபத்தைக் கணிசமாகக் குறைக்கின்றன. முகாமில் அவை அன்றாடம் தரப்படுகின்றனவா என்று தயங்காமல் கேளுங்கள். மருந்துகளிலும் கவனம் தேவை. சளிக்காகக் கடையில் வாங்கும் சில மாத்திரைகளில் உள்ள சூடோஎஃபெட்ரின், போட்டிக் காலத்தில் குறிப்பிட்ட அளவை மீறினால் தடைக்குரியது. சிறுமி என்பதால் ஊக்கமருந்துச் சோதனையிலிருந்து அவளுக்கு விலக்கு இல்லை. அணி மருத்துவரைக் கேட்காமல் எதையும் கொடுத்தனுப்பாதீர்கள்.

அவளுக்கு இரண்டு நாட்டுக் குடியுரிமை இருப்பதாகக் குறிப்பிட்டிருந்தீர்கள். 17 வயதை எட்டியபின் ஃபிபாவின் அதிகாரப்பூர்வப் போட்டியில் ஒரு நாட்டுக்காக ஆடிவிட்டால், பின்னர் வேறொரு நாட்டு அணிக்கு மாறுவது பொதுவாக இயலாது. அவளது பிறந்தநாள் போட்டிக்கு முன்னால் வருகிறதா, பின்னால் வருகிறதா என்பதைப் பார்த்து, எந்த நாட்டுக்காக ஆட விரும்புகிறாள் என்பதை அவளையே கலந்து முடிவு செய்யுங்கள்.

முகாம் அட்டவணை, பள்ளியின் கடிதம், ஒன்பதாம் வகுப்பு முதலான மதிப்பெண் பட்டியல்கள் ஆகியவற்றின் நகல்களை எனக்கு அனுப்புங்கள். அவற்றைப் பார்த்தபின், விளையாட்டு உடலியக்க மருத்துவம் படிக்க வேண்டும் என்ற அவளது மற்றோர் ஆசைக்கு எந்தப் பாடப்பிரிவு பொருந்தும் என்பதை அவளையும் உடன் வைத்துக்கொண்டு பேசுவோம்.