எக்ஸ் எவ்வளவு? போட்டுப் பார்க்கலாம் வாங்க

மாட்டுங்காவில் கணக்கு டியூஷன் எடுக்கிறேன். எண்களைப் போட்டுப் பார்த்து எக்ஸைக் கண்டுபிடிப்பது பற்றி மும்பைத் தமிழ்க் குடும்பங்கள் கேட்ட கேள்விகளும் என் பதில்களும் இவை.

டீச்சர், என் பெண் ஏழாம் வகுப்பு. 3எக்ஸ் + 7 = 40 என்ற கணக்குக்கு எண்களைப் போட்டுப் பார்த்தே 11 என்று எழுதியிருக்கிறாள். இது குருட்டடி இல்லையா? (செம்பூர்)

அவள் இரண்டாவதாகப் போட்ட எண் எது என்று கேளுங்கள், தெரிந்துவிடும். முதலில் 5 போட்டால் 22 வரும். 40-க்கு இன்னும் 18 வேண்டும். எக்ஸ் ஒன்று கூடினால் இடது பக்கம் மூன்று கூடும், ஆக 6 கூட்டினால் போதும். 5-லிருந்து நேரே 11-க்குத் தாவியிருந்தால் உங்கள் பெண் கெட்டிக்காரி. 6, 7, 8 என்று வரிசையாகப் போயிருந்தாலும் விடை சரிதான். ஆனால் எக்ஸ் 211 ஆக இருந்தால் நோட்டு தீர்ந்துவிடும்!

பரீட்சையில் இப்படி எழுதினால் மார்க் உண்டா? (முலுண்ட்)

கேள்வியில் முறை கேட்டிருந்தால் அந்த முறையில்தான் எழுத வேண்டும். கேட்கவில்லை என்றால், போட்ட எண்களையும் வந்த விடைகளையும் அட்டவணையாகக் காட்டச் சொல்லுங்கள். வெறும் விடைக்கு நானே மார்க் போட மாட்டேன்.

இரண்டு எண் தெரியாவிட்டால்? வடா பாவ் 15 ரூபாய், டீ 10 ரூபாய். மொத்தம் 12 உருப்படி, பில் 145 ரூபாய் என்று பையனுக்கு ஒரு கணக்கு. (தாராவி)

பன்னிரண்டும் டீ என்றே வையுங்கள். 120 ரூபாய்தான் ஆகிறது, 25 ரூபாய் குறைகிறது. ஒரு டீயை வடா பாவாக மாற்றினால் 5 ரூபாய் ஏறும். ஆக 5 வடா பாவ், 7 டீ. எக்ஸும் வேண்டாம், ஒய்யும் வேண்டாம்.

இது பழைய காலத்து முறை என்கிறார்களே? (டோம்பிவிலி)

ரொம்பப் பழசு. ஒரு எண்ணும் அதன் ஏழில் ஒரு பங்கும் சேர்ந்தால் 19, எண் என்ன என்று ரைண்ட் பாப்பிரஸ் என்ற பழைய எகிப்தியக் கணக்குச் சுவடியில் ஒரு கணக்கு இருக்கிறது. கி.மு. 1550 வாக்கில் எழுதியது. 7 என்று வைத்துப் பார்த்தால் 8 வரும். 8 என்பது 19 ஆக எத்தனை மடங்கு வேண்டுமோ, 7-ஐயும் அத்தனை மடங்காக்கு என்பதுதான் வழி. விடை 16⅝. நம் பாஸ்கரரும் 1150-ல் எழுதிய லீலாவதி என்ற கணக்கு நூலில் இதை இஷ்டகர்மம் என்று சொல்லித் தருகிறார். ஒரு எச்சரிக்கை: 3எக்ஸ் + 7 மாதிரி தனி எண் ஒட்டிக்கொண்டிருந்தால் இந்த மடங்குக் கணக்கு செல்லாது. முதலில் அந்த 7-ஐ 40-லிருந்து கழித்துவிட வேண்டும்.

எக்ஸ் வர்க்கம் 49. பையன் 7 என்று எழுதினான், பாதி மார்க்தான் கிடைத்தது. (வாஷி)

மைனஸ் 7-ஐ விட்டுவிட்டான். இந்த முறையின் பெரிய ஓட்டை இதுதான். ஒரு விடை கிடைத்ததும் கை நின்றுவிடும். வர்க்கம் வந்தால் மைனஸ் பக்கமும் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.

பெரியவர்களுக்கு இது எதற்காவது உதவுமா? ஒரு லட்சம் கடன், மாதம் 9,000 வீதம் 12 தவணை. வட்டி 8 சதவீதம்தான் என்று ஏஜென்ட் சொன்னார். (சயான்)

உதவும், இங்கேதான் இது அவசியமும்கூட. மொத்தம் 1,08,000 கட்டுகிறீர்கள், அதனால் 8 என்கிறார். ஆனால் மாதா மாதம் அசல் குறைந்துகொண்டே வருகிறதே! முழு லட்சமும் வருடம் முழுக்க உங்கள் கையில் இல்லை. உண்மையான வட்டியை நேராகக் கண்டுபிடிக்கச் சுலபமான சூத்திரம் கிடையாது, வட்டியைப் போட்டுத் தவணையைப் பார்க்க வேண்டியதுதான். மாதம் 1 சதவீதம் என்றால் தவணை 8,885. போதாது. 1.5 என்றால் 9,168. அதிகம். நடுவில் 1.25 போட்டால் 9,026. இன்னும் கொஞ்சம் இறக்கி 1.2 போட்டால் 8,998. அவ்வளவுதான், பிடித்துவிட்டோம். வருடத்துக்குச் சுமார் 14.4 சதவீதம்.

எக்செல்லில் ரேட் என்ற ஃபங்ஷனும் இதையேதான் உள்ளே செய்கிறது. 20 தடவைக்குள் விடை நெருங்காவிட்டால் எரர் காட்டிவிடும். அடுத்த முறை ஏஜென்ட் வந்தால் போனிலேயே போட்டுக் காட்டுங்கள்.