கோசிமோ என்று தாராளமாக வைக்கலாம்

இத்தாலிய மாமியார் வீட்டில் ‘தாத்தா காலத்துப் பெயர்’ என்று சிரிக்கிறார்கள், மகனுக்குக் கோசிமோ என்று வைக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். சிரிக்கட்டும், வையுங்கள். ‘கோஸ்மோஸ்’ என்ற கிரேக்கச் சொல்தான் மூலம். ஒழுங்கு, அலங்காரம், உலகம் என மூன்று அர்த்தமும் அதற்குள் உண்டு. இத்தாலியின் பிளாரன்ஸ் நகரை ஆண்ட மெதிச்சி குடும்பத்தில் திரும்பத் திரும்ப வந்த பெயர். 1610இல் வியாழனின் நான்கு நிலாக்களைக் கண்ட கலிலியோ, அந்தக் குடும்பத்தின் அப்போதைய ஆட்சியாளர் இரண்டாம் கோசிமோவின் பெயரைத்தான் முதலில் சூட்ட நினைத்தார். அப்புறம் மெதிச்சி என்று குடும்பப் பெயருக்கே மாற்றிவிட்டார். எந்தப் பையனுக்கு இப்படி ஒரு கதை கிடைக்கும்!

காசு வாங்காமல் வைத்தியம் பார்த்த புனிதர் கோஸ்மாசின் பெயரும் இதுவே. திருநாள் செப்டம்பர் 26. உச்சரிப்பில் மட்டும் கவனம்: அழுத்தம் ‘கோ’வில்தான், ‘சி’யை நீட்டாதீர்கள்.