முதலில் ஆட்சேபம்

அன்புள்ள ஐயா,

பாளையங்கோட்டையில் முதுகலை படிக்கிறேன். எங்களுடையது வள்ளியூர்ப் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பம். ஓராண்டாக கான்ட், நீட்சே என்ற ஜெர்மானியத் தத்துவவாதிகளைப் பற்றிய அறிமுக நூல்களைப் படித்தும் காணொளிகளைப் பார்த்தும் வருகிறேன். விடுதியில் உடனிருக்கும் நாத்திக நண்பனோடு தினமும் விவாதம் நடக்கிறது; பெரும்பாலும் நான்தான் தோற்கிறேன். ஊருக்குப் போயிருந்தபோது என் பையில் நீட்சேயின் நூலைப் பார்த்த, அதிகம் படிக்காத என் அம்மா, பயந்துபோய்ப் பங்குச் சாமியாரிடம் சொல்லிவிட்டார். "இதெல்லாம் விசுவாசத்தைக் கெடுக்கும், வேண்டாம்" என்று சாமியார் முடித்துக்கொண்டார். நவீன சிந்தனைக்குக் கத்தோலிக்கத் தத்துவம் அளித்த உறுதியான பதில் என்ன? கலிலேயோ விவகாரத்துக்குப் பிறகும் திருச்சபைக்குப் பதில் சொல்லும் தகுதி உண்டா? பெருவெடிப்பைக் கடவுளுக்கான சான்றாக வைக்கலாமா? நண்பனை வாயடைக்கச் செய்யும் ஒரு நூலையாவது சொல்லுங்கள்.

ஒரு வாசகர்

அன்புள்ள தம்பிக்கு,

துணைக் கேள்விகளை முதலில் ஒதுக்கிவிடுகிறேன். கலிலேயோவைப் பற்றி இரு தரப்பிலும் போதிய அளவு எழுதியாகிவிட்டது. அவரைக் கண்டித்த இறையியலாளர்கள் தவறினார்கள் என்பதை 1992-இல் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலே வெளிப்படையாகச் சொன்னார். பெருவெடிப்பைச் சான்றாக வைக்காதீர்கள். அந்தக் கருத்துக்கு வித்திட்ட ஜார்ஜ் லெமேத்ர் ஒரு கத்தோலிக்கக் குரு. 1951-இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ் அதைப் படைப்போடு இணைத்துப் பேசியதை லெமேத்ரே விரும்பவில்லை. தம் இயற்பியல் சமயக் கேள்விகளுக்கு வெளியே நிற்பது என்பதில் அவர் உறுதியாக இருந்தார்.

என்னைப் பதில் எழுதவைத்தது உங்கள் கடைசி வரி. வாயடைக்கச் செய்யும் நூலைக் கேட்கிறீர்கள். சில காலமாகத் தாமஸ் அக்குவினாஸின் 'இறையியல் தொகுப்பை' மீண்டும் படித்துவருகிறேன். அதனாலேயே அந்த வரி எனக்குக் கோபத்தையும் வருத்தத்தையும் ஒருங்கே தந்தது. உங்கள் மரபின் மிகப் பெரிய தத்துவவாதி வாழ்நாள் முழுவதும் செய்தது எதிராளியின் வாயைத் திறந்துவைக்கும் வேலை. அந்த நூலின் ஒவ்வொரு பிரிவும் ஆட்சேபங்களோடுதான் தொடங்குகிறது. அவற்றைச் சொல்லி முடித்த பிறகே அவர் "நான் பதிலளிக்கிறேன்" என்று தம் குரலில் பேசத் தொடங்குகிறார். கடவுள் இருக்கிறாரா என்று கேட்கும் இடத்தைப் பாருங்கள். எல்லையற்ற நன்மை ஒன்று இருக்குமானால் தீமைக்கு இடமே இருக்கக் கூடாது, ஆனால் உலகில் தீமை இருக்கிறது, ஆகவே கடவுள் இல்லை என்பது முதல் ஆட்சேபம். இயற்கையில் நிகழ்பவற்றை இயற்கையைக் கொண்டும், மனிதர் செய்பவற்றை மனித அறிவையும் விருப்பத்தையும் கொண்டும் விளக்கிவிட முடியுமென்றால் கடவுள் என்ற கூடுதல் காரணம் எதற்கு என்பது இரண்டாவது. உங்கள் நண்பர் விடுதியில் இரவெல்லாம் சொல்வது பெரும்பாலும் இந்த இரண்டில் ஒன்றாகத்தான் இருக்கும். ஒரு புனிதர் 13-ஆம் நூற்றாண்டிலேயே அதைச் சில வரிகளில், எள்ளலோ திரிப்போ இல்லாமல் எழுதிவைத்திருக்கிறார்.

இது அவருக்கு எளிதில் வாய்த்ததும் அன்று. 1210-இல் பாரிசில் அரிஸ்டாட்டிலின் இயற்கைத் தத்துவத்தைக் கற்பிக்கத் தடை விதித்தார்கள். அக்குவினாஸ் அந்தத் தத்துவத்தை, இப்னு சினா, இப்னு ருஷ்து என்ற இஸ்லாமிய அறிஞர்களின் விளக்கங்களோடு சேர்த்துக் கற்றார். அவர்களோடு உடன்பட்டார், முரண்பட்டார். அவர் இறந்து மூன்றாண்டுகளில், 1277-இல், பாரிஸ் ஆயர் கண்டனம் செய்த 219 கூற்றுகளுள் சில அவருடைய கருத்துகளையும் தொட்டன. 1323-இல்தான் அவர் புனிதராக்கப்பட்டார். அவர் காலத்து நவீன சிந்தனையோடு அவர் கொண்ட உறவு இத்தகையது.

நம் மொழியிலும் அதே நூற்றாண்டில் இது நடந்தது என்பதை எண்ணி நான் வியக்காத நாளில்லை. அருணந்தி சிவாசாரியார் தம் சைவ சித்தாந்த நூலான சிவஞான சித்தியாரைப் பரபக்கம், சுபக்கம் என்று இரண்டாகப் பகுத்து, கடவுளை மறுக்கும் உலகாயதன் தொடங்கித் திருமாலை வழிபடும் பாஞ்சராத்திரி வரை பிறருடைய கொள்கைகளை எடுத்துரைத்து மறுத்த பின்னரே தம் கொள்கைக்கு வருகிறார். பாரிசுக்கும் தமிழ்நாட்டுக்கும் எந்தத் தொடர்பும் இல்லாதபோது, பிறன் பக்கத்தைச் சொல்லாமல் தன் பக்கத்தைச் சொல்லக் கூடாது என்ற அறிவொழுக்கம் இரண்டு இடங்களிலும் நிலைபெற்றிருந்தது. இந்த மண்ணில் பிறந்த கத்தோலிக்கரான நீங்கள் இரண்டுக்கும் உரிமை உடையவர். இரண்டையும் விட்டுவிட்டு இருபது நிமிடக் காணொளியிடம் போகிறீர்கள்.

நான் பிறப்பால் கத்தோலிக்கன் அல்லன். பாளையங்கோட்டையில் மாணவனாக இருந்த காலத்தில், சமயத்தை ஒழித்துவிடும் வேகத்தோடு ஒரு முதிய சேசு சபைச் சாமியாரிடம் வாதிடப் போனேன். நான் பேசி முடிக்கும் வரை அவர் குறுக்கிடவே இல்லை. பிறகு, "நீ சொல்வதை இன்னும் வலுவாகச் சொல்ல முடியும், தம்பி" என்று தொடங்கி, என் வாதத்தை நான் கனவிலும் எட்டியிராத கூர்மையோடு நெடுநேரம் எடுத்துவைத்தார். அவருடைய பதிலை அன்று கேட்டபோது, "கேள்வி கொஞ்ச நாள் உன்னிடம் இருக்கட்டும், அடுத்த வாரம் வா" என்றார். அடுத்த வாரம் அவர் சொன்ன பதில் என்னை விசுவாசி ஆக்கவில்லை. ஆனால் என் ஐயத்தை என்னைவிட மேலாக மதித்த ஒருவரை நான் அதற்குமுன் சந்தித்ததில்லை. தத்துவம் என்ற சொல்லைக் கேட்கும்போது இன்றும் எனக்கு அவர் முகமே தோன்றுகிறது.

திருச்சபை இந்த ஒழுக்கத்தை எப்போதும் காத்ததா என்றால், இல்லை. கான்டின் 'தூய அறிவின் விமர்சனம்' 1827-இல் தடைநூல் பட்டியலில் சேர்க்கப்பட்டது. முன்னேற்றத்தோடும் தாராளவாதத்தோடும் நவீன நாகரிகத்தோடும் பாப்பரசர் இணங்கிப்போகலாம், போகவும் வேண்டும் என்ற கருத்து 1864-இல் பிழையென அறிவிக்கப்பட்டது. 1879-இல் திருத்தந்தை பதின்மூன்றாம் லியோ அக்குவினாஸை மீண்டும் நடுவில் நிறுத்தியது நல்ல நோக்கத்தோடுதான். ஆனால் அதைத் தொடர்ந்து குருமடங்களில் புழங்கிய கையேடுகள் பலவற்றில் அவருடைய முடிவுகள் இருந்தன, அவர் எதிராளிக்கு அளித்த இடம் இல்லை. கான்டின் கொள்கையும் அதற்கான மறுப்பும் ஒரே பக்கத்தில் முடிந்துபோயின. 1910-இல் குருக்கள்மீது சுமத்தப்பட்ட நவீனவாத எதிர்ப்பு உறுதிமொழி 1967 வரை நீடித்தது. உங்கள் பங்குச் சாமியாரின் "வேண்டாம்" அந்தக் காலத்தின் எச்சம். அதில் அக்கறை இருக்கிறது என்பதை ஏற்கிறேன். ஆனால் அதில் அக்குவினாஸ் இல்லை.

அச்சத்தின் நடுவிலும் பழைய வழியில் நடந்தவர்கள் உண்டு. பெல்ஜியச் சேசு சபையாளர் ஜோசப் மரேஷல், மனித அறிவின் எல்லை எது என்ற கான்டின் கேள்வியை உள்ளிருந்தே ஏற்று அதன் வழியாக அக்குவினாஸிடம் போக முயன்றார். எடித் ஸ்டெய்ன் யூதக் குடும்பத்தில் பிறந்து, நிகழ்வியல் என்ற தத்துவமுறையை நிறுவிய ஹூசெர்லிடம் கற்று, 1922-இல் திருமுழுக்குப் பெற்றவர். ஹூசெர்லின் எழுபதாம் பிறந்தநாள் மலருக்கு அவர் எழுதிய கட்டுரையின் முதல் வடிவம், ஹூசெர்லும் அக்குவினாஸும் நேரில் உரையாடுவதாக அமைந்திருந்தது. தம் ஆசிரியரைக் கைவிடாமலேயே தம் புனிதரை அடைந்த அவரை 1942-இல் ஆஷ்விட்சில் நாஜிகள் கொன்றார்கள். அவர் புனிதராக அறிவிக்கப்பட்ட 1998-இல்தான், திருச்சபைக்கென்று சொந்தத் தத்துவம் ஏதும் இல்லை என்று இரண்டாம் யோவான் பவுல் தம் சுற்றுமடலில் எழுதினார். நீங்கள் கேட்கும் 'உறுதியான பதில்' ஒன்றை எந்த அலமாரியிலிருந்தும் எடுத்துத் தர முடியாமைக்கு இதுவும் ஒரு காரணம்.

உங்கள் ஊருக்குப் பக்கத்திலேயே இருக்கும் வடக்கன்குளத்துக்கு ஒருமுறை போய்வாருங்கள். உயர்ந்தவர் என்று தம்மைக் கருதியோருக்கு ஒன்று, மற்றவர்களுக்கு ஒன்று என இரண்டு கூடங்கள் ஒரே பீடத்தில் வந்து சேரும்படி 19-ஆம் நூற்றாண்டில் அந்தக் கோயிலைக் கட்டினார்கள். இடையிலிருந்த சுவர் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இடிக்கப்பட்டபோது வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை சென்றது. தத்துவக் கையேடுகள் எழுதிவைக்காத ஆட்சேபம் ஒன்று மறு கூடத்தில் பூசை கண்டவர்களிடம் இருந்தது. அத்தகைய ஆட்சேபங்களைக் கேட்டுப் பழகியதால்தான், எதிர்ப்போரிடமிருந்தும் துன்புறுத்துவோரிடமிருந்தும்கூடத் தான் பயன்பெற்றிருப்பதாகவும், நாத்திகம் பிறந்ததில் விசுவாசிகளுக்கும் பங்குண்டு என்றும் 1965-இல், உலக ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கம் 'இன்றைய உலகில் திருச்சபை' என்ற ஆவணத்தில் சொல்ல முடிந்தது.

இன்னொன்றைக் கண்டித்தே ஆகவேண்டும். "அதிகம் படிக்காத என் அம்மா" என்று எழுதியிருக்கிறீர்கள். 1870-இல் ஆங்கிலேயக் கத்தோலிக்கக் குரு நியூமன் 'இசைவின் இலக்கணம்' நூலை எழுதியதே, தம் விசுவாசத்துக்குத் தருக்கம் சொல்லத் தெரியாத எளியவர்களின் உறுதி அறிவுக்கு ஒவ்வாததன்று என்று காட்டத்தான். பல சிறு அறிகுறிகள் ஒரு வாழ்நாளில் திரண்டு ஒருவரைத் தெளிவுக்குக் கொண்டுசேர்க்கின்றன என்றார் அவர். உங்கள் விவாதங்களில் நீங்கள் தோற்பதற்கும் அம்மாவின் படிப்புக்கும் தொடர்பில்லை. அவர் அஞ்சியது நீட்சேக்காக அல்ல, உங்களுக்காக.

நூல் கேட்டீர்கள். 'தொகுப்பின்' முதற்பகுதி, இரண்டாம் வினா, மூன்றாம் பிரிவு, சில பக்கங்கள்தான். கான்டை 1783-இல் அவர் தாமே சுருக்கி எழுதிய 'முன்னுரை'களில் தொடங்குங்கள். பிறகு உங்கள் நண்பரின் வாதத்தை நீங்களே ஒரு தாளில் எழுதி, "நான் சொல்ல நினைத்தது இதுதான்" என்று அவர் ஒப்புக்கொள்ளும் வரை திருத்துங்கள். அந்தத் தாளோடு பங்குச் சாமியாரிடம் மறுபடி போங்கள். அவர் பேச மறுத்தால், பேச விரும்பும் சேசு சபைக் குருக்களைப் பாளையங்கோட்டையில் தேடிப் பாருங்கள்.