மின்சாரம் தாக்கி உயிர் போனால் யார் பொறுப்பு? பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகா வாசகர்களின் கேள்விகள்

மழையில் அறுந்து கிடந்த கம்பியை மிதித்து என் வீட்டுக்காரர் இறந்துவிட்டார். ‘காற்றுக்கு அறுந்தது, எங்கள் தவறு இல்லை’ என்கிறது மின்வாரியம். வழக்கு நிற்குமா? (கொழிஞ்சாம்பாறை)

நிற்கும். மத்தியப் பிரதேச மின்வாரியத்துக்கும் ஷைல் குமாரிக்கும் நடந்த வழக்கில் 2002-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கிவிட்டது. அதிலும் மழைநீர் தேங்கிய சாலையில் கிடந்த கம்பியில் சைக்கிளை ஏற்றியவர்தான் இறந்தார். வேறொருவர் திருட்டுத்தனமாக மின்சாரம் இழுத்த கம்பி என்று வாரியம் வாதாடியது; கோர்ட் ஏற்கவில்லை. மின்சாரம் போன்ற ஆபத்தான சரக்கைக் கொண்டுசெல்பவர் கவனமாக இருந்தேன் என்று சொல்லித் தப்ப முடியாது. ‘கடவுள் செயல்’ என்ற வாதமும் எளிதில் எடுபடாது. பாலக்காட்டுக் கணவாயில் ஆடி மாதம் காற்றடிப்பது யாரும் எதிர்பாராத சங்கதியா என்ன?

கம்பி அறுந்தவுடன் ஏன் மின்சாரம் நிற்கவில்லை என்று உங்கள் வக்கீல் கேட்க வேண்டும். 230 வோல்ட் கம்பி மண்ணில் விழும்போது மண்ணின் தடை 50 ஓம் என்றால் 5 ஆம்பியர்கூட ஓடாது. டிரான்ஸ்பார்மரில் உள்ள பெரிய ஃபியூஸ் அதற்கு அசையாது. ஆளைக் கொல்ல அது தாராளம். இதற்காகத்தான் சாலையைக் கடக்கும் இடத்தில் மின்கம்பிக்குக் கீழே எர்த் செய்த கார்டு (காப்பு) கம்பி கட்டுகிறார்கள்: அறுந்த கம்பி அதில் பட்டால் ஃபியூஸ் போய்விடும். அங்கே கார்டு இருந்ததா, துருப்பிடித்த பழைய கம்பியா, ஒட்டுப் போட்ட இடத்தில் அறுந்ததா? கம்பியின் முனை, மின்கம்பத்தின் எண், மேலே தொங்கும் தென்னை மட்டை எல்லாவற்றையும் போட்டோ எடுங்கள். லைன்மேன் மறுநாளே புதுக் கம்பி இழுத்துவிடுவார், தடயம் போய்விடும். வாரியத்தின் 1912 என்ற போன் எண்ணுக்கு முன்பே யாராவது புகார் சொல்லியிருந்தால் அந்தப் புகார் எண் பொன் போன்றது.

எந்த ரிப்போர்ட் முக்கியம்? (வண்ணாமடை)

எஃப்.ஐ.ஆர்., மகஜர் (சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் குறிப்பு), போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் மூன்றும் வேண்டும். அவற்றோடு எலக்ட்ரிகல் இன்ஸ்பெக்டரின் விசாரணை அறிக்கை. உயிரிழப்பு தெரிந்த 24 மணி நேரத்தில் வாரியம் இன்ஸ்பெக்டருக்குத் தகவல் கொடுக்க வேண்டும், 48 மணி நேரத்தில் எழுத்து அறிக்கை. இன்ஸ்பெக்டரேட் வாரியத்தின் கிளை அல்ல, தனி அரசுத் துறை. நகலுக்குத் தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போடலாம். தமிழ்ச் சிறுபான்மையினர் அரசுக்குத் தமிழில் எழுதவும், தமிழிலேயே பதில் பெறவும் கேரள ஆட்சிமொழிச் சட்டம் (1969) இடம் கொடுக்கிறது. ‘மலையாளத்தில் எழுதிக் கொண்டு வா’ என்றால் அதைச் சொல்லுங்கள்.

வாரியம் உதவித்தொகை தருகிறது. வாங்கினால் கேஸ் போடக் கூடாதா? (மீனாட்சிபுரம்)

வாங்கலாம். ஆனால் நீட்டும் மலையாளத் தாளை யாரையாவது படிக்கச் சொல்லிக் கேட்டபிறகு கையெழுத்திடுங்கள். ‘இனி உரிமை கோர மாட்டோம்’ என்ற வரி இருந்தால் நிறுத்துங்கள். வாங்கிய தொகையைப் பின்னால் கோர்ட் கழித்துக்கொள்ளக்கூடும்.

எவ்வளவு கேட்கலாம்? எத்தனை நாளில்? (கோபாலபுரம்)

வாகன விபத்துக் கணக்கையே பெரும்பாலும் கோர்ட்டுகள் இங்கும் எடுக்கின்றன. 38 வயது, மாதம் 15,000 ரூபாய் சம்பாதித்த கூலிக்காரர், மனைவி, இரண்டு பிள்ளைகள் என்று வையுங்கள். எதிர்கால வளர்ச்சிக்கு 40 சதவீதம் சேர்த்தால் 21,000. அவர் சொந்தச் செலவுக்கு மூன்றில் ஒரு பங்கு போக 14,000. ஆண்டுக்கு 1,68,000, அந்த வயதுக்கான பெருக்கல் எண் 15. ஆக 25,20,000. ஈமச்சடங்கு, துணையை இழந்ததற்கான தொகை தனி. சம்பளச் சீட்டு இல்லாததால் பலருக்கு இது பாதியாகிறது. கூலி கொடுத்த தோட்டக்காரரைச் சாட்சியாக வையுங்கள், பேங்க் பாஸ்புக்கையும் காட்டுங்கள்.

கெடு இரண்டே ஆண்டு, இறந்த நாளிலிருந்து. இன்ஸ்பெக்டர் அறிக்கை வரட்டும் என்று உட்கார்ந்து கெடுவைத் தவறவிடுகிறவர்கள்தான் அதிகம். 1855-ஆம் ஆண்டின் உயிரிழப்புச் சட்டப்படி மனைவி அல்லது கணவர், பெற்றோர், பிள்ளைகளுக்காகத்தான் வழக்கு. அண்ணன் தம்பிக்கு இல்லை. கோர்ட் ஃபீஸுக்குப் பயப்பட வேண்டாம். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் தாலுகா சட்டப்பணிக் குழு இலவச வக்கீல் தரும். ஃபீஸும் அந்த உதவியில் அடங்கும். நேரே ஹைகோர்ட்டில் ரிட் மனு போடலாமா என்றால், உண்மைகளில் தகராறு இருந்தால் சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்வார்கள் (உச்ச நீதிமன்றத்தில் சுகமணி தாஸ் வழக்கு, 1999).

அலுமினியத் தோட்டியால் (துறட்டியால்) தேங்காய் பறிக்கையில் 11 கே.வி. லைனில் பட்டு ஒருவர் இறந்தார். (வேலந்தாவளம்)

லைன் உயரத்தை இன்ஸ்பெக்டர் முன்னால் அளக்கச் சொல்லுங்கள். தெரு அல்லாத இடத்தில் உறையில்லாத 11 கே.வி. கம்பி தரையிலிருந்து 4.6 மீட்டருக்குக் கீழே தொங்கக் கூடாது. தொங்கினால் வழக்கு பலமாகும். உயரம் சரியாக இருந்தால் இறந்தவரின் கவனக்குறைவைக் காட்டித் தொகையைக் குறைப்பார்கள். அவரைக் கூலிக்கு வைத்தவர் இருந்தால் அவரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள்.

பன்றிக்கு வைத்த மின்வேலியில் சிக்கி இறந்தால்? (எருத்தேன்பதி)

முதல் குற்றவாளி வேலி போட்டவர். லைனிலிருந்து நேரே கொக்கி போட்டிருந்தால் மின்திருட்டும் சேரும். கொக்கி போட்டிருப்பதை மின்வாரியச் செக்‌ஷன் ஆபீஸில் முன்பே யாராவது எழுதிக் கொடுத்திருந்து, அவர்கள் அசையாமல் இருந்திருந்தால், வாரியத்தையும் வழக்கில் இழுக்கலாம்.