அம்மனுக்கும் நேர்த்தி, மாதாவுக்கும் மெழுகுதிரி

தங்கச்சி, திருகோணமலையில் நீங்கள் பேட்டி கண்ட அம்மா பத்திரகாளி அம்மனுக்கு நேர்த்தி வைக்கிறார், மாதா கோவிலிலும் மெழுகுதிரி கொளுத்துகிறார். மதங்கள் கடைகள் மாதிரிப் போட்டி போடும், ஆட்கள் பலன் பார்த்துத் தெரிவு செய்வார்கள் என்கிற ‘மதச் சந்தை’ கோட்பாடு இங்கே உடைகிறதே என்று கேட்டிருந்தீர்கள். உடையவில்லை. அந்தக் கோட்பாட்டை வளர்த்த சமூகவியலாளர் ரொட்னி ஸ்டார்க்கோடு மட்டும் நின்றால் அப்படித்தான் தோன்றும். மதத்தைப் பொருளியல் கண்ணால் ஆராய்ந்த லாரன்ஸ் இயனக்கோன் 1995இல் எழுதிய கட்டுரையைப் பாருங்கள். பலன் தனியாளுக்குக் கிடைக்கும் சடங்கு என்றால், நட்டத்தைக் குறைக்க ஆட்கள் பல இடத்தில் முதல் போடுவார்கள். நாலு இடத்தில் சீட்டுப் பிடிப்பது மாதிரி. சபையாகக் கூடித்தான் பலன் என்கிற இடத்தில் ‘எங்களிடம் மட்டும் வா’ என்ற கண்டிப்பு வரும். சும்மா வந்து பலனை அள்ளுகிறவர்களை அது வடிகட்டும்.

அதனால் அந்த அம்மாவிடம் என்ன மதம் என்று கேட்காமல், மகனின் விசாவுக்கு எங்கே போனார், பிள்ளையின் காய்ச்சலுக்கு எங்கே என்று கேளுங்கள். அப்புறம், அந்தக் கண்டிப்பு உள்ள ஒரு பெந்தெகொஸ்தே சபையிலும் இரண்டு பேட்டி எடுங்கள், வித்தியாசம் தெரியும்.