ரத்தம் ஏறலன்னு கேட்ட தங்கச்சிக்கு: ரொட்டிய இப்ப நிறுத்திராத

"இங்கிலாந்துல லெஸ்டர் வந்து பத்து மாசம் ஆச்சுக்கா, அயர்ன் மாத்திரை போட்டும் ரத்தம் ஏறல, வயிறு எப்பவும் உப்புசமா இருக்கு, ஜிபி டாக்டர் சீலியாக்குன்னு கோதுமை ஒத்துக்காத வியாதிக்கு டெஸ்ட் எழுதிட்டாங்க, நம்ம ஊர்ல யாருக்கும் இல்லாத வியாதி எனக்கு எப்படி வரும், பேசாம கோதுமைய இன்னைக்கே விட்டுரவா"ன்னு கேட்டிருக்க.

கடைசி கேள்விக்கு முதல்ல பதில் சொல்லிடுறேன்மா, விட்டுராத. அந்த ரத்தப் பரிசோதனை பாக்குறது கோதுமை உள்ள போனா உடம்பு அதுக்கு எதிரா உண்டாக்குற ஆன்டிபாடியத்தான், நீ பாட்டுக்கு நிறுத்திட்டு போனா அது குறைஞ்சுபோய் வியாதி இருந்தும் இல்லன்னு வந்துரலாம். இங்க டாக்டருங்க வச்சிருக்குற கணக்கு, டெஸ்ட்டுக்கு முன்னாடி குறைஞ்சது 6 வாரம், தினமும் ஒரு வேளைக்கு மேல, கோதுமையோ பார்லியோ சாப்பிட்டிருக்கணும். எனக்கும் இதே வியாதிதான், நான் இத தெரியாம சப்பாத்திய நிறுத்திட்டு போய் நின்னு, திரும்ப ஆரம்பிச்சு, வயித்து வலியோட ஒன்றரை மாசம் ரொட்டி தின்னேன், அந்தக் கொடுமை உனக்கு வேணாம்.

இப்ப நம்ம ஊர் விஷயம். சீலியாக்னா அலர்ஜி இல்ல, கோதுமை, பார்லி, ரை (நம்ம ஊர்க் கம்பு இல்ல, இங்க கிடைக்குற வேற தானியம்), இதுல இருக்குற குளூட்டன்ங்குற புரதத்தப் பாத்ததும் நம்ம எதிர்ப்பு சக்தியே நம்ம சிறுகுடல அடிக்குது. அதுக்கு டிக்யூ2, டிக்யூ8ன்னு ரெண்டு ஜீன்ல ஒண்ணாவது அனேகமா எல்லா நோயாளிகிட்டயும் இருக்கும். இந்தியாவுல பண்ணி 2016ல வந்த ஒரு பெரிய ஆய்வுல, இந்த ஜீன் வடக்க 38 சதவீதம் பேருக்கு, தெக்க 36 சதவீதம் பேருக்கு, பெரிய வித்தியாசமே இல்ல! ஆனா ரத்தத்துல அந்த ஆன்டிபாடி இருந்தது வடக்க சுமார் நூத்துல ஒருத்தருக்கு, தெக்க ஆயிரத்துல ஒருத்தருக்கு. என்ன வித்தியாசம்னா அவங்க ஒரு நாளைக்கு சாப்பிட்ட கோதுமை 455 கிராம், நம்ம பக்கம் 25. அதாவது நாம இட்லி தின்னு தப்பிச்சிட்டு இருந்திருக்கலாம், அவ்ளோதான். உன் லெஸ்டர்லயே 1993ல வந்த ஆய்வுல பஞ்சாபிகளுக்கு வெள்ளைக்காரங்களையும் விட அதிகமா இருந்துச்சு. இங்க வந்ததும் காலைல டோஸ்ட், மதியம் சாண்ட்விச், ராத்திரி சோம்பேறித்தனத்துக்கு பாஸ்தான்னு நாமளும் அந்தக் கணக்குக்குப் போயிடுறோம். அதுக்காக ஜீன் இருக்குற எல்லாருக்கும் வந்துராது, பெரும்பாலானவங்களுக்கு வராது, பயப்படாத.

யாருக்கு வாய்ப்பு அதிகம்னா, கூடப்பொறந்தவங்க, அப்பா அம்மா, பிள்ளைங்க யாருக்காவது இருந்தா பத்துல ஒருத்தருக்கு வரலாம். டைப் 1 சர்க்கரை, தைராய்ட எதிர்ப்பு சக்தியே தாக்குற வகை, டவுன் சின்ட்ரோம், டர்னர் சின்ட்ரோம்ங்குற பிறவிக் கோளாறு இருந்தாலும்தான். உன் வீட்ல சின்ன வயசுலயே இன்சுலின் போடுறவங்க யாராவது இருந்தா ஜிபிகிட்ட சொல்லிரு, அவங்களா கேக்க மாட்டாங்க. எனக்கு உறுதியானதும் மதுரைல இருக்குற என் தம்பிய டெஸ்ட் எடுக்க சொன்னேன், "எனக்கு ஒண்ணும் இல்ல, தினமும் பரோட்டா திங்குறேன்"னான், அவனுக்கும் பாசிட்டிவ். வயிறு ஒண்ணும் பண்ணாமலே உள்ள வேலை நடக்கும்.

என் கதையும் உன்னோடது மாதிரிதான். நாலு வருஷம் அயர்ன் மாத்திரை, பீரியட்ஸ் அதிகம் போறதாலதான்னு ஒரு டாக்டர் சொல்லி அனுப்பிட்டே இருந்தார், நானும் நம்பிட்டேன். ஹீமோகுளோபின் 92ன்னு பாத்து முதல்ல சந்தோஷப்பட்டேன் வேற, நம்ம ஊர் கணக்குல அது 9.2ன்னு பக்கத்து வீட்டு நர்ஸக்கா சொல்லித்தான் தெரியும். சிறுகுடல் உள்பக்கம் டர்க்கி டவல்ல நூல் நிக்குற மாதிரி இருக்குமாம், அது மழுங்கி வழவழன்னு ஆயிடுது, இரும்புச்சத்து உறிஞ்சுறதே சிறுகுடலோட மேல் பகுதியிலதான், அப்புறம் எத்தன மாத்திரை போட்டு என்ன. கால்சியமும் ஏறாது, 38 வயசுல எனக்கு டெக்ஸா ஸ்கேன்ல எலும்பு அடர்த்தி குறைவுன்னு வந்துச்சு. வாய்ப்புண், முட்டில முழங்கைல அரிக்குற கொப்புளம், கை கால் மரமரப்பு, கரு தங்காம போறது, இதுக்கெல்லாம் பின்னாடி சில பேருக்கு இதுவே இருக்கும். ரொம்ப நாள் கவனிக்காம விட்டா குடல்ல லிம்ஃபோமாங்குற கேன்சர் வரைக்கும் போகலாம், அது ரொம்ப அரிது, சாப்பாட்ட ஒழுங்கா மாத்தினா அந்த அபாயமும் குறையுது. மண்ணீரலும் சரியா வேலை செய்யாம போகலாம்னு நிமோனியா தடுப்பூசி போட்டு விட்டாங்க எனக்கு.

டெஸ்ட் எழுதினதுல மொத்த ஐஜிஏ (அது ஒரு வகை ஆன்டிபாடி) அளவும் சேத்திருக்காங்களான்னு கேளு, சிலருக்கு அது பிறவிலயே கம்மியா இருக்கும், அப்ப டெஸ்ட் ஏமாத்திரும். பாசிட்டிவா வந்தா வாய் வழியா குழாய் விட்டு குடலப் பாக்குற எண்டோஸ்கோப்பிக்கு அனுப்பலாம், அது முடியுற வரைக்கும் ரொட்டி ஓடணும்.

உறுதியாச்சுன்னா நமக்கு அவ்ளோ கஷ்டம் இல்லம்மா, இட்லி, தோசை, பொங்கல், அரிசிப் புட்டு எல்லாம் நம்மளோடது. மாட்டிக்கிறது ரவை, சேமியா, மைதா, ஹார்லிக்ஸ், சோயா சாஸ், சப்பாத்தி சுட்ட கல்லுலயே ஊத்துற தோசை, மாவுல தோச்ச மீன் பொரிச்ச எண்ணெய்லயே போடுற சிப்ஸ். கடைல பாக்கெட்ட திருப்பி பாத்தா கோதுமை, பார்லின்னு தடிச்ச எழுத்துலயோ வேற விதமா தனியாத் தெரியுற மாதிரியோ இருக்கும், அது இங்க சட்டம். எனக்கு ஆறு மாசம் பிடிபடாம போனது பெருங்காயம், கூட்டுப் பெருங்காயத்துல கோதுமை மாவு கலக்குறாங்க, அம்மா ஆசையா அரைச்சு அனுப்பின சாம்பார் பொடி வழியா தினமும் உள்ள போயிட்டே இருந்திருக்கு. பெல்கிரேவ் ரோடு பக்கம் இருக்குற இந்தியன் கடைங்கள்ல அரிசி மாவு கலந்தது இருக்கான்னு கேட்டுப் பாரு, ஆனா ரிசல்ட் வந்தப்புறம் வாங்கினா போதும், இப்போதைக்கு டோஸ்ட்ட சாப்பிடு.