கம்ப்யூட்டர் கேள்வி பதில்: பாதியில் நின்ற அப்டேட்

கேள்வி: கடலூர் திருப்பாதிரிப்புலியூரில் ஜெராக்ஸ், டிடிபி கடை வைத்திருக்கிறேன். உபுண்டு (லினக்ஸ்) போட்ட கம்ப்யூட்டர். போன வார மழையில், அப்டேட் ஓடும்போதே கரண்ட் போய்விட்டது. இப்போது எதை இன்ஸ்டால் செய்யப் போனாலும் 'டிபிகேஜி தடைபட்டது' என்று எர்ரர் வருகிறது. தெரிந்த தம்பி ஒருவர், "லாக் ஃபைலை அழிங்க அக்கா, சரியாகலைன்னா ஃபார்மட்தான்" என்கிறார். கல்யாணப் பத்திரிகை வேலையெல்லாம் அதில்தான் இருக்கிறது சார்.
- வாசகி, கடலூர்

பதில்: ஃபார்மட் பேச்சையே எடுக்காதீர்கள். அப்டேட் உங்கள் ஹோம் ஃபோல்டரில் கை வைப்பதில்லை. இருந்தாலும் பத்திரிகை ஃபைல்களை முதலில் பென் டிரைவில் ஏற்றிவிடுங்கள். முகூர்த்த நாள் நமக்காகக் காத்திருக்காது.

உபுண்டுவில் ஒரு பேக்கேஜ், அதாவது ஒரு மென்பொருளின் ஃபைல்கள் அடங்கிய மூட்டை, இரண்டு கட்டமாக ஏறும். முதலில் ஃபைல்களைப் பிரித்து வைக்கும், பிறகு கான்ஃபிகர் செய்யும், அதாவது வேலைக்குத் தயார்படுத்தும். எது எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று, பேக்கேஜ்களை ஏற்றும் புரோகிராமான டிபிகேஜி குறித்து வைத்திருக்கும். விட்ட இடத்திலிருந்து தொடரச் சொன்னால் போதும். அதற்கான கட்டளை அந்த எர்ரரிலேயே, 'சூடோ' என்று தொடங்கி, மேற்கோள் குறிகளுக்குள் இருக்கிறது. யாரும் படிப்பதில்லை! டெர்மினலைத் திறந்து அதை அப்படியே அடியுங்கள். பாஸ்வேர்டு அடிக்கும்போது திரையில் ஒன்றும் தெரியாவிட்டால் பயப்படாதீர்கள், அடித்து என்டர் தட்டுங்கள். நடுவில் ஏதோ செட்டிங் ஃபைலைக் காட்டி 'ஒய்'யா 'என்'னா என்று கேட்டு நிற்கலாம். ஹேங் ஆகிவிட்டது என்று ஸ்விட்சை அணைத்துவிடாதீர்கள். வெறும் என்டர் தட்டினால் உங்கள் பழைய செட்டிங் அப்படியே இருக்கும்.

அது முடிந்ததும் 'சூடோ ஆப்ட் ஃபிக்ஸ்-புரோக்கன் இன்ஸ்டால்'. ஃபிக்ஸுக்கு முன்னால் ஒட்டினாற்போல் இரண்டு கோடு. பிறகு வழக்கமான அப்டேட், அப்கிரேட். 'இடமில்லை' என்று முரண்டு பிடித்தால் டிஸ்க் நிரம்பியிருக்கும். கொஞ்சம் காலி செய்துவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.

லாக் ஃபைல் விஷயத்தில் தம்பி சொன்னதைக் கேட்காதீர்கள். ஒரு நேரத்தில் ஒரு புரோகிராம்தான் இன்ஸ்டால் செய்ய வேண்டும் என்பதற்காகப் போடும் பூட்டு அது. கரண்ட் போன கணமே பூட்டு விடுபட்டுவிட்டது. மிச்சமிருப்பது வெறும் ஃபைல். 'வேறொரு புரோகிராம் பூட்டியிருக்கிறது' என்று வந்தால், பெரும்பாலும் பின்னணியில் தானியங்கி அப்டேட் ஓடுகிறது. ஒரு டீ குடித்துவிட்டு வாருங்கள். அந்த நேரத்தில் ஃபைலை அழித்தால் இரண்டு புரோகிராம்கள் ஒரே இடத்தில் எழுதப் போகும். அப்போதுதான் நிஜமாகவே ஃபார்மட் வரை போகும்.

ஒருவேளை கம்ப்யூட்டரை ஆன் செய்தும் உபுண்டு வரவே இல்லையென்றால், தொடக்கத்தில் வரும் கிரப் மெனுவில் 'அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ்' போய்ப் பழைய கெர்னலை (உபுண்டுவின் மையப் பகுதியின் முந்தைய பதிப்பை) தேர்ந்தெடுங்கள். உள்ளே நுழைந்ததும் மேலே சொன்ன அதே கட்டளைகள்தான்.